கூட்டாளிகளோடு கேம் ஆட லைன் ஒத்துழைக்கவில்லையா? சுங்கை சிப்புட்டில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மலேசியாவில், பேராக் மாநிலத்தின் சுங்கை சிப்புட் பட்டணத்தில் கணினியும் கைப்பேசியும் பழுது பார்ப்பது என் தொழில். சுற்றியுள்ள தோட்டங்களிலிருந்தும் தாமான்களிலிருந்தும் (குடியிருப்புகளிலிருந்தும்) பிள்ளைகள் வருவார்கள். திரை உடைந்தது, பேட்டரி போனது என்று வந்தாலும், கிளம்பும்போது ஒரு கேள்வியை வைத்துவிட்டுத்தான் போவார்கள்: "அண்ணே, கேம் ஆடும்போது மட்டும் லைன் இழுக்குதே, ஏன்?"

இதைச் சின்ன விஷயமாக நான் நினைப்பதில்லை. ஒரே தமிழ்ப்பள்ளியில் ஆறு வருடம் ஒன்றாகப் படித்த ஐந்து பேரை எனக்குத் தெரியும். ஒருவன் இப்போது ஜொகூர் பாருவில் தங்கி தினமும் சிங்கப்பூருக்கு வேலைக்குப் போகிறான். இன்னொருவன் பினாங்கில் தொழிற்சாலை வேலையில் இருக்கிறான். மற்ற மூவர் இங்கே. ராத்திரி ஒன்பதரைக்கு ஐவரும் ஓர் ஆட்டத்தில் கூடுகிறார்கள். முன்பு திடலில் பந்தாடிய கூட்டம், இன்று கூடுவதற்கு இருக்கும் ஒரே இடம் அதுதான். அந்த ஒரு மணி நேரம் நன்றாக அமைய வேண்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

லேக் அடித்தால், அதாவது லைன் இழுத்தால், முதலில் எதை மாற்றுவது?

எதையும் மாற்றாதீர்கள். கோளாறு எங்கே இருக்கிறது என்று முதலில் கண்டுபிடியுங்கள். ரூட்டரை ரீசெட் செய்து, ஆட்டத்தை அழித்து மறுபடி இறக்கி, புது ரூட்டரும் வாங்கிவிட்டு, கடைசியில் சர்வர் பராமரிப்பில் இருந்தது என்று தெரிந்துகொண்டவர்கள் உண்டு.

உங்கள் விரல் அசைவு நான்கு கட்டமாகப் பயணம் போகிறது. கைப்பேசியிலிருந்து வீட்டு ரூட்டருக்கு, அதாவது நாம் மோடம் என்று சொல்லும் பெட்டிக்கு. அங்கிருந்து இணைய நிறுவனத்துக்கு. அங்கிருந்து ஆட்டத்தின் சர்வருக்கு. பிறகு சர்வரிலிருந்து கூட்டாளியின் வீட்டுக்கு. எந்தக் கட்டத்தில் தடங்கல் என்று தெரிந்தால் பாதி வேலை முடிந்தது.

முதல் சோதனைக்குக் கருவியே வேண்டாம், வாய் போதும். குரல் அழைப்பில், "உனக்கும் இழுக்குதா?" என்று எல்லோரையும் கேளுங்கள். எல்லோருக்கும் ஒரே நேரத்தில் என்றால் கோளாறு பெரும்பாலும் சர்வரில்; காத்திருப்பதைத் தவிர வழியில்லை. உங்களுக்கு மட்டும் என்றால் உங்கள் பக்கம். ஒருவருக்கு மட்டும் என்றால் அவர் பக்கம்.

உங்கள் பக்கம் என்று ஆகிவிட்டால் இரண்டாவது சோதனை. விண்டோஸ் கணினியில் கமாண்ட் பிராம்ப்ட்டை இரண்டு முறை திறந்து பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். ஒன்றில் பிங் என்று ஆங்கிலத்தில் தட்டி, ஓர் இடைவெளி விட்டு ரூட்டரின் எண்ணைப் போடுங்கள். பெரும்பாலும் 192.168.0.1 அல்லது 192.168.1.1, ரூட்டரின் அடியில் ஒட்டியிருக்கும் தாளில் இருக்கும். மற்றதில் அதேபோல் 8.8.8.8 போடுங்கள், அது வெளியே இருக்கும் கூகிளின் சர்வர் எண். நிற்காமல் ஓட, கடைசியில் ஓர் இடைவெளி, சிறு கோடு, டி எழுத்து. ஆட்டத்தைத் தொடங்குங்கள். லேக் அடித்த உடனே இரண்டு ஜன்னலையும் பாருங்கள். ரூட்டர் ஜன்னலில் காட்டும் நேரமே 200, 300 மில்லிவினாடி என்று ஏறினால் கோளாறு வீட்டுக்குள், வைஃபையில். ரூட்டர் 2, 3 என்று அமைதியாக இருக்க மற்றது மட்டும் எகிறினால், வெளி லைன் அல்லது வீட்டிலேயே யாரோ அந்த லைனை நிரப்புகிறார்கள். என் தொழிலில் இதைவிடப் பயன்பட்ட சோதனை வேறில்லை.

பிங் எவ்வளவு இருந்தால் நல்லது?

பிங் என்பது போய்த் திரும்பும் நேரம், மில்லிவினாடியில். நம் வட்டாரத்துக்கான சர்வர்களைப் பல ஆட்டங்கள் சிங்கப்பூரில் வைத்திருக்கின்றன. சுங்கை சிப்புட்டிலிருந்து சிங்கப்பூர் நேர்க்கோட்டில் சுமார் 500 கிலோமீட்டர். ஃபைபருக்குள் ஒளி வினாடிக்கு ஏறக்குறைய 2 லட்சம் கிலோமீட்டர் போகிறது. ஆகவே போய்வர 5 மில்லிவினாடி கட்டாயம் ஆகும். கேபிள் சுற்றி வளைத்துப் போவதாலும் நடுவில் பல கருவிகளைத் தாண்டுவதாலும் நல்ல ஃபைபரில் 10 முதல் 25 வரை வரும். அது அருமையான எண். 60 வரை யாருக்கும் பெரிதாகத் தெரியாது. 100ஐத் தாண்டினால் சுடும் ஆட்டங்களில் நீங்கள் சுட்டது பிந்தும்.

ஆனால் எண்ணைவிட அதன் நிதானம் முக்கியம். எப்போதும் 60 என்று இருப்பவனுக்குக் கை பழகிவிடும். 20, 180, 25, 240 என்று துள்ளுகிறவனுக்கு எந்தக் கையும் பழகாது. அதற்கும் மேல் கெட்டது பாக்கெட் லாஸ், அதாவது அனுப்பியது போய்ச் சேராமலே தொலைவது. நூற்றுக்கு இரண்டு தொலைந்தாலே ஆட்டக்காரர் ஓடத் தொடங்கிய இடத்துக்கே திரும்பி வந்து நிற்பார்.

ஆட்டத்தின் அமைப்பில் வட்டாரம் எது என்று ஒருமுறை பாருங்கள். தவறுதலாக ஐரோப்பா என்று இருந்தால், கிட்டத்தட்ட 10,000 கிலோமீட்டர் போய்வர 100 மில்லிவினாடிக்கும் மேல் ஆகும். எந்த ரூட்டராலும் அதைக் குறைக்க முடியாது.

பேக்கேஜை 100லிருந்து 300 எம்பிபிஎஸ் ஆக்கினால் லேக் போகுமா?

பெரும்பாலும் போகாது. ஆடும்போது ஓர் ஆட்டம் பயன்படுத்தும் டேட்டா மிகக் குறைவு, மணிக்குச் சில பத்து எம்பியிலிருந்து நூறு, இருநூறு எம்பி வரைதான். வேகம் என்பது சாலையின் அகலம், பிங் என்பது ஈப்போ போய்வரும் நேரம். சாலையை அகலமாக்கினால் ஈப்போ பக்கத்தில் வந்துவிடாது. புதுப்பிப்புகள் சீக்கிரம் இறங்கும், அது உண்மை. லேக்குக்காக என்றால் அந்தக் காசை வைத்திருங்கள்.

ரூட்டர் வரவேற்பறையில், நான் பின்னறையில். என்ன செய்யலாம்?

லேக் என்று வரும் வீடுகளில் அதிகமாக நான் பார்ப்பது இதைத்தான். போன வருடம் பட்டணத்துக்கு வெளியே ஒரு தோட்டத்து வீட்டுக்குப் போனேன். முன்பக்கம் கல் வீடு, பின்னால் தகரம் அடித்து நீட்டிய அறை. ரூட்டர் கண்ணாடி அலமாரிக்குள், பல்லி போய்விடுமென்று பிளாஸ்டிக் உறை சுற்றி, பக்கத்திலேயே மூன்றடி மீன் தொட்டி. பையன் தகர அறையில் கட்டிலில் உட்கார்ந்து ஆடுகிறான். ரூட்டரைத் தொட்டுப் பார்த்தேன், தோசைக்கல் மாதிரி சுட்டது. பிங் போட்டால் அந்த அறையிலிருந்து ரூட்டருக்கே 400.

உறையைக் கழற்றி, அலமாரியின் தலைமேல் தூக்கி வைத்தோம். எண் 60க்கு இறங்கியது. பிறகு இருபது வெள்ளிக்குள் ஒரு லேன் கேபிள் வாங்கி, சுவர் ஓரமாக இழுத்து, கணினியில் செருகினோம். ஒன்றுக்கும் கீழே வந்து அப்படியே நின்றது. பையன் அந்த எண்ணைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தான்.

காரணம் எளிது. தகரம் அலையைத் திருப்பி அடிக்கும். தண்ணீர் அதை விழுங்கும். ரூட்டரிலிருந்து நீங்கள் இருக்கும் இடத்துக்கு ஒரு கோடு போட்டுப் பாருங்கள். அந்தக் கோட்டில் தகரச் சுவர், மீன் தொட்டி, குளிர்சாதனப் பெட்டி எது நின்றாலும் அதுதான் உங்கள் எதிரி.

வீட்டு வைஃபையில் பொதுவாக இரண்டு அலைவரிசை உண்டு. 5 கிகாஹெர்ட்ஸ் வேகமானது, கூட்டம் குறைவு, ஆனால் சுவர் தாண்டினால் சோர்ந்துவிடும். 2.4 தூரம் போகும், ஆனால் பக்கத்து வீட்டு வைஃபை, மைக்ரோவேவ், புளூடூத் எல்லாம் அதில்தான். ஒரே அறை என்றால் 5. வரிசை வீடுகளில் 2.4 தான் வழி என்றால் சேனலை 1, 6, 11 இவற்றில் ஒன்றாக மாற்றிப் பாருங்கள், இவை ஒன்றோடொன்று மோதாது.

கேபிள் போட முடியுமென்றால் போடுங்கள். செம்பு லேன் கேபிள் 100 மீட்டர் வரை தாங்கும். எந்த வீட்டுக்கும் அது போதும்.

கைப்பேசியில் ஆடுகிறேன். புளூடூத் இயர்போன் போட்டால் மட்டும் இழுக்கிறது.

புளூடூத்தும் 2.4 கிகாஹெர்ட்ஸில்தான் ஓடுகிறது. கைப்பேசியும் 2.4 வைஃபையில் இருந்தால் இரண்டும் மாறி மாறி வழிவிட வேண்டும். 5க்கு மாறுங்கள், அல்லது கம்பி இயர்போன் போடுங்கள்.

பத்தரை மணிக்கு மேல்தான் தினமும் லேக். பேய் மாதிரி சரியாக வருகிறது. ஏன்?

இந்தக் கேள்வியைக் கேட்ட தம்பியின் வீட்டில் ஒரு ராத்திரி உட்கார்ந்தேன். பத்து நாற்பதுக்குத் தொழிற்சாலை பஸ் முனையில் நின்றது. அக்கா உள்ளே வந்து, கைப்பேசியைச் சார்ஜில் போட்டுவிட்டுக் குளிக்கப் போனார். அடுத்த நிமிடமே தம்பியின் பிங் 20லிருந்து 600. அன்றைக்கு எடுத்த படங்களையும் வீடியோக்களையும் கைப்பேசி தானாக மேலே ஏற்றத் தொடங்கியிருந்தது.

ஏற்றும் பாதை பல பேக்கேஜ்களில் இறக்கும் பாதையைவிடக் குறுகல். அது நிரம்பினால் ரூட்டரின் வாசலில் வரிசை நிற்கும். உங்கள் ஆட்டத்தின் துளித் தகவலும் அந்த வரிசையின் கடைசியில் நிற்க வேண்டியதுதான். வீட்டுக் கண்காணிப்பு கேமராவும் இதையே செய்யும். ரூட்டரில் கியூஓஎஸ் என்ற அமைப்பு இருந்தால் ஆடும் கருவிக்கு முன்னுரிமை கொடுங்கள். இல்லையென்றால் அக்காவிடம் பேசுங்கள். அந்த அக்கா படம் ஏற்றுவதைக் கைமுறைக்கு மாற்றி, தூங்கப் போகும்போது தொடங்கிவிடுகிறார். ஒரு செலவும் இல்லை.

எங்கள் தோட்டத்தில் ஃபைபர் வரவில்லை. கைப்பேசி லைன் மட்டும்தான்.

செம்பனைக்கு நடுவில் இருப்பவர்களுக்கு இது கஷ்டமான கேள்விதான். இலைகள் அலையைத் தடுக்கும், மழையில் நனைந்த இலை இன்னும் அதிகமாகத் தடுக்கும். மலேசியாவில் 2021 இறுதியோடு 3ஜி நிறுத்தப்பட்டது. அதனால் 4ஜி பலவீனமான இடத்தில் கைப்பேசி நேரே 2ஜிக்கு விழுகிறது, ஆட்டமும் அங்கேயே நின்றுவிடுகிறது. கைப்பேசி அமைப்பில் '4ஜி மட்டும்' என்று இருந்தால் ஆடும் நேரத்துக்கு அதைப் போடுங்கள். சில மாடல்களில் அப்போது அழைப்பு வராமல் போகலாம், ஆடி முடித்ததும் மாற்றிவிடுங்கள்.

எல்லா நிறுவனத்தின் கோபுரமும் ஒரே இடத்தில் இல்லை. வேறு நிறுவன சிம் வைத்திருக்கும் கூட்டாளியை வீட்டுக்கு அழைத்து, அவர் கைப்பேசியில் பிங் பார்த்த பிறகு மாறுங்கள். விளம்பரத்தை நம்பி மாறாதீர்கள். சிம் போடும் ரூட்டர் ஒன்றைக் கோபுரம் இருக்கும் பக்கத்து ஜன்னலில், உயரமாக வைத்தால் வீட்டுக்குள் கைப்பேசி பிடிப்பதைவிட நிதானமான லைன் கிடைக்கும்.

செயற்கைக்கோள் வழியும் உண்டு. ஸ்டார்லிங்கிற்கு மலேசியாவில் 2023ல் உரிமம் கிடைத்தது. அதன் செயற்கைக்கோள்கள் தாழ்வாகப் பறப்பதால் ஆடக்கூடிய பிங் வரும். செலவு கூடுதல், வானம் மறைக்காத இடமும் வேண்டும்.

இடி இடிக்கும்போது ஆடலாமா?

கைப்பேசியில், அதன் சொந்த லைனில், பேட்டரியில் ஆடுங்கள். இடி தொடங்கும் முன்பே ரூட்டரின் மின்செருகியைக் கழற்றுங்கள். ஃபைபர் கண்ணாடி இழை, அதன் வழியாக மின்னல் வராது. ஆனால் மின்கம்பி வழியாக வரும். பேராக்கில் சாயங்கால இடி நமக்குப் புதிதல்ல. ஒவ்வொரு பருவத்திலும் என் மேசைமேல் கருகிய அடாப்டர்கள் குவியும்.

இன்னொன்றைக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். ஒரே லைனைப் பங்கு போட, இரண்டு வீட்டுக்கு நடுவே கூரைமேல் லேன் கேபிள் இழுக்காதீர்கள். வருடங்களுக்கு முன் நானே அப்படி ஒரு கூட்டாளிக்கு இழுத்துக் கொடுத்தேன். ஒரே இடியில் இரண்டு வீட்டு ரூட்டரும் ஒரு கணினியும் போயின. ஆள் தப்பியது பெரிது.

மைன்கிராஃப்டில் என் உலகத்துக்குள் கூட்டாளியால் வர முடியவில்லை.

நான்கு காரணம், இந்த வரிசையில் பாருங்கள். முதலில் பதிப்பு. ஜாவா பதிப்பும் பெட்ராக் பதிப்பும் வேறு வேறு; கணினியில் ஜாவா வைத்திருப்பவரும் கைப்பேசியில் ஆடுபவரும் நேராகச் சேர முடியாது. ஒரே வகையாக இருந்தாலும் பதிப்பு எண் ஒத்துப்போக வேண்டும். கைப்பேசி தானாகப் புதுப்பித்துக்கொண்டிருக்கும், மற்றவருடையது பழையதாக இருக்கும்.

அடுத்தது கணக்கு. பிள்ளைக்கு மைக்ரோசாஃப்ட் கணக்கு திறக்கும்போது சரியான வயதைப் போட்டிருந்தால், அது பெற்றோர் கண்காணிப்பில் இருக்கும் பிள்ளைக் கணக்கு. மற்றவர்களோடு சேர்ந்து ஆட அப்பாவோ அம்மாவோ தங்கள் கணக்கிலிருந்து அனுமதி தர வேண்டும். லைன் கோளாறு என்று என்னிடம் வந்த பல பிள்ளைகளுக்கு உண்மையில் தேவைப்பட்டது இந்த அனுமதிதான்.

மூன்றாவது விண்டோஸின் ஃபயர்வால். வீட்டு வைஃபையைப் 'பொது' என்று குறித்து வைத்திருந்தால் கணினி கதவைச் சாத்திக்கொள்ளும். 'தனிப்பட்டது' என்று மாற்றுங்கள். நான்காவது போர்ட், அதாவது வெளியிலிருந்து ஆட்டம் உள்ளே வரும் கதவின் எண். வீட்டிலேயே சர்வர் நடத்தினால் ஜாவாவுக்கு டிசிபி 25565, பெட்ராக்கிற்கு யூடிபி 19132. ரூட்டரில் அந்த ஓர் எண்ணை மட்டும் உங்கள் கணினிக்குத் திறந்துவிடுங்கள். எல்லாவற்றையும் திறக்கும் டிஎம்இசட் (DMZ) அமைப்பைத் தொடாதீர்கள். அழைத்தவர்கள் மட்டும் வரும்படி அனுமதிப் பட்டியலையும் போட்டுவிடுங்கள், முன்பின் தெரியாதவர்கள் வந்து வீட்டை இடித்துவிட்டுப் போவார்கள்.

போர்ட்டைத் திறந்தும் வேலை செய்யவில்லையே?

உங்களுக்குச் சொந்தமான பொது முகவரி இல்லாமல் இருக்கலாம். ரூட்டரின் அமைப்புப் பக்கத்தில் வேன் (WAN) முகவரி என்று ஓர் எண் இருக்கும். உங்கள் ஐபி எது என்று காட்டும் தளம் ஒன்றில் வரும் எண்ணோடு அதை ஒப்பிடுங்கள். இரண்டும் வேறாக இருந்து, ரூட்டரில் உள்ளது 10 என்றோ, 100.64 முதல் 100.127 வரையோ தொடங்கினால், நிறுவனம் பல வீடுகளை ஒரே பொது முகவரிக்குப் பின்னால் வைத்திருக்கிறது. கைப்பேசி லைனில் இது சகஜம். தபால்காரர் தாமான் வாசல் வரை வருவார், உங்கள் வீட்டு எண் அவரிடம் இருக்காது. நீங்கள் வீட்டில் எந்தக் கதவைத் திறந்தும் பயனில்லை.

வேன் எண் 192.168 என்று தொடங்கினால் கதை வேறு. வீட்டில் இரண்டு ரூட்டர் ஒன்றுக்குப் பின் ஒன்றாக நிற்கின்றன. இரண்டாவதை, வைஃபை மட்டும் கொடுக்கும் ஆக்சஸ் பாயின்ட் முறைக்கு மாற்றினால் சரியாகிவிடும்.

பொது முகவரி இல்லாதவர்களுக்கும் வழி இருக்கிறது. பொது முகவரி உள்ள கூட்டாளி வீட்டில் சர்வரை வையுங்கள், இது இலவசம். இல்லையென்றால் டெயில்ஸ்கேல், ஸீரோடியர் மாதிரி மென்பொருளை எல்லோரும் போட்டுக்கொண்டால், வெவ்வேறு ஊரில் இருக்கும் கணினிகள் ஒரே வீட்டில் இருப்பதுபோல் சேரும். நான் பிள்ளைகளுக்குப் பரிந்துரைப்பது இதைத்தான். அதுவும் சிரமம் என்றால் மைன்கிராஃப்டே வாடகைக்குத் தரும் சர்வரான ரெல்ம்ஸை மாதச் சந்தாவில் எடுத்து, காசைப் பங்கு போடுங்கள்.

டிஎன்எஸ் மாற்றினால், கேம் பூஸ்டர் போட்டால் பிங் குறையுமா?

டிஎன்எஸ் என்பது பெயரைப் பார்த்து எண்ணைச் சொல்லும் புத்தகம். உள்ளே நுழைய முடியாதபோது அதை மாற்றுவது உதவலாம்; ஆட்டத்துக்குள் இருக்கும்போது பிங்கை அது தொடாது. பூஸ்டர் செயலிகளில் பெரும்பாலானவை விளம்பரம் காட்டத்தான் இருக்கின்றன. அழித்துவிடுங்கள்.

இணைய நிறுவனத்திடம் எப்படிப் புகார் சொல்வது?

'ஸ்லோவாக இருக்கிறது' என்று மட்டும் சொன்னால் ரூட்டரை அணைத்துப் போடச் சொல்லி முடித்துவிடுவார்கள். மூன்று நாள் குறித்து வையுங்கள்: தேதி, மணி, கேபிள் வழியாக ரூட்டருக்கு எவ்வளவு, வெளியே எவ்வளவு. ஃபைபர் பெட்டியில் எல்ஓஎஸ் விளக்கு சிவப்பாக எரிந்தால் அதை முதல் வாக்கியமாகச் சொல்லுங்கள், மலாயில் "லாம்பு எல்ஓஎஸ் மேரா" என்றால் அவர்களுக்கு உடனே புரியும். ஒளி வந்து சேரவில்லை என்று அர்த்தம். எங்கோ கேபிள் மடங்கியோ அறுந்தோ இருக்கும். புகார் எண்ணை எழுதி வாங்குங்கள். பலமுறை சொல்லியும் நடக்கவில்லை என்றால், மலேசியத் தொடர்பு, பல்லூடக ஆணையத்திடம் அந்த எண்ணோடு புகார் செய்யலாம்.

நான் ஓர் அம்மா. பத்து மணிக்கு ரூட்டரை அணைத்தால் பையன் கத்துகிறான். நான் செய்வது தப்பா அண்ணே?

நேரம் வைப்பது தப்பே இல்லைங்க. ஒன்று மட்டும் தெரிந்துகொள்ளுங்கள். மொபைல் லெஜெண்ட்ஸ் மாதிரி ஆட்டத்தில் ஒரு பக்கத்துக்கு ஐந்து பேர். நடுவில் லைன் போனால் மற்ற நால்வரும் ஆள் குறைவோடு ஆடித் தோற்பார்கள், பாதியில் போனதற்கு இவனுடைய மதிப்பெண்ணும் குறையும். திடலில் ஆட்டம் நடக்கும்போது கோல்கீப்பரை இழுத்துக்கொண்டு போவது போல. 'பத்து மணிக்கு நிறுத்து' என்பதைவிட, 'ஒன்பதே முக்காலுக்கு மேல் புது ஆட்டம் தொடங்காதே' என்று சொல்லிப் பாருங்கள். அதை அவன் மீறினால் அணைத்துவிடுங்கள், நான் உங்கள் பக்கம்.

எல்லாம் செய்தாயிற்று. ஒருவனுக்கு மட்டும் லைன் சரியாகவே இல்லை.

அவனுக்கு ஏற்ற ஆட்டத்தைத் தேர்ந்தெடுங்கள். சுடும் ஆட்டத்துக்குத்தான் குறைந்த பிங் வேண்டும். லூடோ, சதுரங்கம், சீட்டு மாதிரி முறை வைத்து ஆடுவதற்கு அரை வினாடி பிந்தினாலும் ஒன்றும் ஆகாது. மேலே சொன்ன ஐந்து பேரில் ஒருவன் இன்னும் தோட்டத்துக்குள்தான் இருக்கிறான். மழை ராத்திரியில் அவனுக்கு 4ஜி ஒரு கோடுதான் நிற்கும். அப்போது ஜொகூர் பாருவில் இருப்பவன், யாரும் கேட்காமலே, சுடும் ஆட்டத்தை மூடிவிட்டு லூடோ அறையைத் திறந்து அதன் எண்ணை அனுப்பிவிடுகிறான்.